படம் பிடிக்கப்படுபவரே முதற் பார்வையாளர்

அகதியின் வீட்டுக்குக் கமராவுடன் வரும் செய்தியாளர் அன்றே போய்விடுவார். விவரணப்படக் கலைஞர் அப்படியல்லர். வாரக்கணக்கில் கூடவே இருந்து, நிகழ்வதை நிகழ்ந்தபடியே பதிவு செய்வார். ‘நேரடித் திரைப்படம்’ எனப்படும் இம்முறை வளர்ந்த இடங்களுள் மொன்றியல் முக்கியமானது. 1956இல் ஒட்டாவாவிலிருந்து இங்கு வந்த கனடியத் தேசியத் திரைப்படச் சபையின் கலைஞர்களே இதனை இங்கு வளர்த்தனர். அச்சபை நெடுங்காலம் இயங்கிய சென் லோரன், எமது கோட்-டெ-நெய்ஜுக்கு அயலிலேயே உள்ளது.

அச்சபையின் வரலாற்றில் எமக்கு ஒரு பாடம் உண்டு. மொன்றியலின் வறிய குடும்பமொன்றுடன் சில வாரங்கள் இருந்து தான்யா பலன்ரைன் எடுத்த ‘என்னால் மாற்ற முடியாதவை’ என்ற படம் 1967இல் தொலைக்காட்சியில் காட்டப்பட்டது. பார்த்தவர்கள் உருகினர். ஆனால் அக்குடும்பத்தினருக்கு அது முன்கூட்டியே காட்டப்படவில்லை. அயலவரின் ஏளனத்துக்கு ஆளாகி அவர்கள் நொந்துபோயினர்.

அதே ஆண்டில் நியூபவுண்ட்லாந்தின் போகோ தீவில் கொலின் லோ வேறு வழியைச் சோதித்தார். மீனவரின் பேச்சைப் பதிவு செய்து, அதனை முதலில் அவர்களுக்கே காட்டினார். வேண்டாதவற்றை நீக்கும்படி கேட்கும் உரிமையும் அவர்களுக்கு இருந்தது. அதன் பின்னரே அப்படங்கள் அரசின் பார்வைக்குச் சென்றன. தீவை விட்டு வெளியேற்றப்படலாம் என அஞ்சிய மக்கள், கூட்டுறவுச் சங்கம் அமைத்து அங்கேயே நிலைத்தனர்.

1969இல் மொன்றியலின் சென் ஜாக் பகுதி மக்களின் கையிலேயே வீடியோக் கமரா கொடுக்கப்பட்டது. அம்முயற்சியைப் படமாக்கிய பொனி ஷெர் கிளைன், வியட்நாம் போரை எதிர்த்து அமெரிக்காவை விட்டு இங்கு வந்தவர்.

படம் பிடிக்கப்படுபவருக்கு இவ்வுரிமை கொடுத்தால் உண்மை மறைந்துவிடும் என்பர் சிலர். அதிகாரத்தில் இருப்போர் விடயத்தில் அது சரி. அவர்கள் தடுக்கும் உரிமை கோரலாகாது. அகதியின் நிலை வேறு. திரையில் தெரியும் ஒரு முகம் ஊரிலுள்ள உறவினருக்கு ஆபத்தாகலாம். படத்தில் சொன்ன ஒரு வார்த்தை, விசாரணையில் சொன்னதோடு ஒப்பிடப்படலாம்.

ஆகவே கதவைச் சாத்துவது எமது நோக்கமன்று. எம் வாழ்வு பதிவாக வேண்டும். நாம் பதியாவிடின் பிறர் சொல்வதே வரலாறாகும். ஆனால் மூன்று நிபந்தனைகளை முன்வைப்போம். ஒப்புதற் படிவம் தமிழில் விளக்கப்பட வேண்டும். முகத்தையும் பெயரையும் மறைக்கும் உரிமை வேண்டும். முதற் காட்சி எமக்கே காட்டப்பட வேண்டும். இவற்றுக்கு இணங்காத கலைஞருக்குத் தேநீர் கொடுக்கலாம். கையொப்பம் கொடுக்க வேண்டியதில்லை.

எம் இளைஞரும் கமராவைக் கையிலெடுக்கட்டும். அவர்களும் இதே நிபந்தனைகளுக்குக் கட்டுப்பட்டவர்களே.