இருக்கை பெரிதா? கொள்கை பெரிதா?

அமைச்சர் இருக்கையில் ஏறி அமர்ந்தோர் எண்ணற்றோர். கொள்கைக்காக அவ்விருக்கையை உதறி எழுந்தோர் மிகச் சிலரே. அச்சிலருள் ஒருவர் செருமனியின் குசுத்தாவ் ஐனமான்.

1899-இல் சுவெல்ம் என்னும் ஊரிற் பிறந்த ஐனமான், எசன் நகரில் வழக்கறிஞராய் விளங்கினார். இட்லரின் கொடுங்கோன்மை நாட்டுக்கே வாய்ப்பூட்டிட்ட காலத்தில், அதற்குப் பணிய மறுத்த கிறித்தவர்களின் துண்டறிக்கைகள் அவர் வீட்டு நிலவறையில் மறைவாக அச்சாயின. போர் ஓய்ந்தபின், இடிபாட்டுக் குவியலாய்க் கிடந்த எசன் நகருக்கு 1946 முதல் 1949 வரை தலைவராயிருந்தார். 1949-இல், மேற்குச் செருமனியின் முதல் தலைமையமைச்சர் அடனாவர், அவரை உள்துறை அமைச்சராக்கினார்.

ஓராண்டுதான் கழிந்தது. 1950 ஆகசுட்டில், அமைச்சரவையைக் கலந்துகொள்ளாமலேயே, மேற்குச் செருமானியப் படைப்பிரிவுகளைத் தர அணியமாயிருப்பதாக அமெரிக்கருக்கு எழுதி விடுத்தார் அடனாவர். போர் முடிந்து ஐந்தாண்டே ஆகியிருந்தது. நாடோ கிழக்கென்றும் மேற்கென்றும் இருகூறாய்க் கிடந்தது. ஒரு கூறு மேலை வல்லரசுகளின் படைக்கலம் ஏந்தினால், மறுகூறு கீழை வல்லரசின் படைக்கலம் ஏந்தும். ஓரினத்து மக்களின் பிளவு கல்லில் வெட்டிய கோடாகிவிடும் என்று அஞ்சினார் ஐனமான். அஞ்சியதோடு அமையாமல், அக்தோபரில் இருக்கையை விட்டு வெளியேறினார்.

‘உள்ளிருந்தே திருத்தலாமே!’ என்பது இருக்கையை விட மனமில்லார் எந்நாட்டிலும் கூறும் சாக்கு. தம் அறிவுக்கு எட்டாமலேயே முடிவு செய்யப்பட்டபின், உள்ளிருந்து திருத்துவது எதனை? அங்கு எஞ்சுவது கையொப்பமிடும் வேலை ஒன்றே.

வெளியேறிய ஐனமானுக்கு மாலையும் முழவும் காத்திருக்கவில்லை. 1952-இல் அனைத்துச் செருமானிய மக்கள் கட்சியை நண்பர்களுடன் தொடங்கினார். 1953 தேர்தலில் அதற்குக் கிடைத்த ஒப்போலைகள் நூற்றுக்கு 1.2 மட்டுமே. அவர் எதிர்த்த படை 1955-இல் அமைந்தே தீர்ந்தது. 1957-இல் கட்சியைக் கலைத்துவிட்டுக் குமுகக் குடியாட்சிக் கட்சியிற் சேர்ந்தார். ‘தோற்றான்’ என்று எள்ளினோர்க்கு 1958 சனவரியில் நாடாளுமன்றத்தில் மறுமொழி கிடைத்தது. நாட்டின் ஒருமைக்கு அடனாவர் செய்ததென்ன என அன்று அவர் அடுக்கிய குற்றச்சாட்டு அவையை அதிரவைத்தது.

1966-இல் சட்ட அமைச்சராக மீண்டும் இருக்கைக்கு வந்தார். திருமணத்திற்குப் புறம்பே பிறந்த பிள்ளைகள் மேலிருந்த இழிவைக் களைய அவர் முன்னெடுத்த சட்டம் 1969-இல் நிறைவேறியது. 1968 ஏப்பிரலில் மாணவர் தலைவர் உரூடி துச்சுகே பெர்லின் தெருவில் சுடப்பட்டார், நாடு கொந்தளித்தது. பிறரைச் சுட்டி ஒரு விரல் நீட்டுவோன் கையில், மற்ற மூன்று விரல்கள் தன்னையே சுட்டுவதை உணரவேண்டுமென்று தொலைக்காட்சியில் ஆள்வோர்க்கும் மக்களுக்கும் அவர் அறிவுறுத்தினார். 1969 மார்ச்சில், 506-க்கு 512 என்னும் சிறு வேறுபாட்டில் குடியரசுத் தலைவரானார்.

நாட்டரசின்மேல் அன்புண்டா என்று கேட்டபோது, தாம் அன்பு செலுத்துவது தம் மனைவியிடத்து என்றார் அவர். அரசு என்பது மக்கள் ஆக்கிய கருவி. கருவியைத் தொழுவார் மக்களை மறப்பார். இட்லர் காலத்தைக் கண்ணாற் கண்டவர்க்கு இவ்வுண்மை ஏட்டுப் பாடமன்று. இரண்டாம் முறையும் தலைவராகும் வாய்ப்பை மறுத்து 1974-இல் இறங்கிய அவர், 1976-இல் மறைந்தார்.

அவர் அஞ்சிய போர் மூளவில்லை. 1990-இல் இருகூறும் ஒன்றாயின. ஆகவே அடனாவரே சரி என்பாரும் உளர். அவ்வொருமைக்கு இடையே கழிந்தவை நாற்பது ஆண்டுகள். பெர்லின் மதிலருகே சுடப்பட்டு வீழ்ந்தோர் பலர். அவ்வழக்கின் தீர்ப்பு எவ்வாறாயினும், மக்களையும் அமைச்சரவையையும் கேளாமல் ஓரினத்தின் எதிர்காலத்தை ஒருவர் எழுதிக் கொடுக்கலாகாது என்று ஐனமான் நாட்டிய அறம் வழுவாது நிற்கிறது.

கொள்கைக்காக இருக்கையை விடத் துணிந்தவனிடமே இருக்கையை ஒப்படைக்கலாம். விடமாட்டாதவன் அதில் அமர்ந்திருப்பதில்லை. அதனால் கட்டுண்டு கிடக்கிறான்.