செல்போனில் கூடும் ஆட்டக் குழுக்கள்

மும்பை லோக்கல் ரயிலில் தினமும் பயணம் செய்வோருக்குச் சீட்டாட்டக் கோஷ்டிகளும் பஜனை மண்டலிகளும் புதியவை அல்ல. மடியில் ஒரு பெட்டியைக் கவிழ்த்து, அதன்மேல் சீட்டைப் பரப்பி, கல்யாணில் தொடங்கிய ஆட்டத்தைத் தாதரில் முடித்துக்கொண்டு இறங்குவார்கள். பிற பயணிகளுக்கு இடைஞ்சல் என்று ரயில்வே போலீஸார் அவ்வப்போது கலைப்பதும் உண்டு. அது வேறு விஷயம். நாம் கவனிக்க வேண்டியது அந்தக் கோஷ்டி நடக்கும் முறை. அதற்குத் தலைவர் இல்லை, செயலாளர் இல்லை, சந்தா இல்லை. ஆனால் ரயில் இன்னது, பெட்டி இன்னது, ஏறும் கதவு இன்னது என்பது பத்து வருஷமானாலும் மாறாது. ஒருவர் இரண்டு நாள் வராவிட்டால் மூன்றாம் நாள் அவருக்கு என்ன ஆயிற்று என்று விசாரிக்காமல் இருக்கமாட்டார்கள்.

2020 மார்ச்சில் லோக்கல்கள் நின்றன. பொதுமக்கள் அனைவரும், அதுவும் நேரக் கட்டுப்பாட்டுடன், மீண்டும் ஏற முடிந்தது 2021 பிப்ரவரி முதல் தேதியில்தான். அந்த இடைவெளியில் பத்துக்குப் பத்து அறையில் நான்கு பேர், ஐந்து பேர் என்று அடைந்து கிடந்த நம் பிள்ளைகளுக்குச் செல்போன்தான் மைதானமாயிற்று. ஊரில் இருக்கும் தம்பியும், பெங்களூரில் இருக்கும் மச்சானும், தாராவியில் இருக்கும் அண்ணனும் ஒரே நேரத்தில் ஒரே ஆட்டத்தில் கூட முடிந்தது. இன்று குர்லாவிலும் செம்பூரிலும் டோம்பிவ்லியிலும் இத்தகைய ஆட்டக் குழுக்கள் இல்லாத இடமில்லை. “வேலை வெட்டி இல்லாத பையன்கள்” என்று பெரியவர்கள் இவர்களை ஒதுக்கிவிடுவதை நாம் ஏற்கவில்லை. பன்னிரண்டு மணி நேரம் உழைத்துவிட்டு வருகிறவன், தாய்மொழியில் நாலு வார்த்தை பேசிச் சிரிக்க ஓர் இடம் தேடுகிறான். அந்த இடம் முன்பு சங்கமாக, மன்றமாக, டீக்கடைப் பெஞ்சாக இருந்தது.

ஆனால் இக்குழுக்களில் பெரும்பாலானவை மூன்று மாதம் தாண்டுவதில்லை. முதல் வாரம் நாற்பது பேர். இரண்டாம் மாதம் எட்டுப் பேர். பிறகு காலை வணக்கப் படங்களும் கடன் கேட்கும் செய்திகளும் மட்டும் மிஞ்சுகின்றன. ஏன் இப்படி என்று யோசிக்க வேண்டும்.

முதற் காரணம், ஆட்டமே கையை விட்டுப் போவது. பப்ஜி ஆட்டத்தை நினைவிருக்கும். நான்கு நான்கு பேராக அணி சேர்ந்து ஆடக்கூடிய அந்த ஆட்டத்தைச் சுற்றி நாடெங்கும் குழுக்கள் முளைத்தன. 2020 செப்டம்பர் 2ஆம் தேதி மத்திய அரசு தடை செய்த 118 செயலிகளில் அதுவும் ஒன்று. 2021 ஜூலையில் இந்தியாவுக்கென வேறு பெயரில் வந்தது. 2022 ஜூலையில் அதுவும் எடுக்கப்பட்டது. 2023 மே மாதம் திரும்பி வந்தது. இடையில் பலர் தாவிய ஃப்ரீ ஃபயர் ஆட்டத்துக்கும் 2022 பிப்ரவரியில் தடை விழுந்தது. அரசு செய்தது சரியா, தவறா என்பது இங்கே கேள்வியல்ல. ஒரு கம்பெனியின் ஒரே ஆட்டத்தில் தொங்கிய குழு, அந்தக் கயிறு அறுந்தவுடன் விழுந்தது என்பதே சங்கதி. ஒன்றாக ஆடியவர்களில் பாதிப் பேருக்கு மற்றவரின் உண்மைப் பெயர்கூடத் தெரியாது. எங்கே போய்த் தேடுவது?

ஆகவே குழு தொடங்க நினைப்போர், யாரும் பிடுங்க முடியாத ஓர் ஆட்டத்தைத் தேர்ந்தெடுப்பது நல்லது என்போம். நமக்குத் தோன்றுவது சதுரங்கம். துப்பாக்கி ஆட்டம் தீயது, சதுரங்கம் தெய்வீகமானது என்ற கட்சி நம்முடையது அல்ல. சதுரங்கத்திலும் தோற்றவன் வசை பாடுவதுண்டு. ஆனால் அது எவருக்கும் சொந்தமில்லை. ஓர் இணையதளம் மூடினால் இன்னொன்றில் ஆடலாம்; எல்லாம் மூடினால் பலகை இருக்கிறது. நம்மவர்க்கு அதில் உரிமை கொண்டாடவும் இடமுண்டு. இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர் ஆன மானுவல் ஆரன் முதல், விசுவநாதன் ஆனந்த் வழியாக, 2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் பதினெட்டு வயதில் உலகப் பட்டம் வென்ற குகேஷ் வரை ஒரு தொடர்ச்சி இருக்கிறது. 2022இல் மாமல்லபுரத்தில் ஒலிம்பியாட் நடந்தபோது, குதிரைத் தலையுடன் வேட்டி கட்டிய ‘தம்பி’யின் படத்தைத் தங்கள் போனில் வைத்துக்கொண்ட பிள்ளைகள் இங்கேயும் பலர்.

ஏற்பாடும் கடினமில்லை. லிசெஸ் என்ற இணையதளம் இலவசம், விளம்பரம் இல்லை, பிரான்சில் பதிவான லாபநோக்கற்ற அமைப்பு ஒன்று நன்கொடையில் நடத்துவது, தமிழிலேயே வைத்துக்கொண்டு ஆடலாம். அதில் யாரும் தம் பெயரில் ஓர் அணி தொடங்கி, நுழைவுச் சொல் வைத்து, தெரிந்தவரை மட்டும் சேர்க்கலாம். போட்டி இரண்டு விதம். ஒன்றில் சுற்றுகள் இத்தனை என்று முன்கூட்டியே குறிக்கப்படும். பாதிச் சுற்றுகளுக்கு மேல் தொடங்கிவிட்டால் புதிதாகச் சேர முடியாது. மற்றொன்றில் சுற்றுக் கணக்கே இல்லை. ஒன்றரை மணி நேரம் என்று வைத்துவிட்டால், ஓர் ஆட்டம் முடிந்தவுடன் அடுத்த எதிராளியை அதுவே இணைத்துவிடும். தாமதமாக வந்தவரும் சேரலாம், பாதியில் வேலை வந்தால் விலகலாம். ஓட்டலிலும் பட்டறையிலும் வேலை செய்வோர் உள்ள குழுவுக்கு இந்த இரண்டாவது முறையே ஏற்றது.

மூன்றாவதாக ஒரு வழி உண்டு. அதைத்தான் நாம் அதிகம் சிபாரிசு செய்வோம். ஒரு நகர்த்தலுக்கு ஒரு நாள், மூன்று நாள் என்று அவகாசம் வைத்து ஆடுவது. அஞ்சலட்டையில் நகர்த்தலை எழுதித் தபாலில் போட்டு மாதக்கணக்கில் ஆடிய பழைய முறையின் வாரிசு இது. இரவு ஷிப்டுக்காரர் டீ இடைவேளையில் ஒரு காயை நகர்த்துவார். காலை ஷிப்டுக்காரர் ரயிலில் பதில் சொல்வார். தூக்கம் கெடாது. இரவு இரண்டு மணிவரை விளையாடிவிட்டு ஐந்து மணிக்கு இயந்திரத்தின் முன்னே நிற்கிறவனின் விரலுக்கு யார் உத்தரவாதம்? ரயில் ஓட்டுவோர் முதல் கிரேன் இயக்குவோர் வரை, ஓய்வு என்பது அவரவர் சொந்த விஷயம் மட்டும் அல்ல. இரவு பதினொரு மணிக்குப் பிறகு குழுவில் போட்டி இல்லை என்று விதி வைப்பதில் யாருக்கும் நஷ்டமில்லை.

ஆட்டம் இருந்தால் மட்டும் குழு நில்லாது. ரயில் கோஷ்டியை நாம் முதலில் குறிப்பிட்டது இதற்காகவே. “எல்லாருக்கும் சௌகரியமான நேரத்தில் வைக்கலாம்” என்று ஒவ்வொரு வாரமும் கருத்துக் கேட்கும் குழுவில் ஒரு வாரமும் போட்டி நடப்பதில்லை. ஞாயிறு மாலை ஏழு மணி என்றால் ஏழு மணி. மூன்று பேர் வந்தாலும் ஏழு மணி. மழையோ, பண்டிகையோ, இந்தியாவின் கிரிக்கெட் ஆட்டமோ எதுவானாலும் நேரத்தை மாற்றாமல் இருந்தால், வராதவர் அடுத்த வாரம் கேட்காமலே வருவார்.

இதை நடத்த ஓர் ஆள் வேண்டும். அந்த வேலை வெளியே தெரியாத வேலை. போட்டியை முன்னதாகப் பதிந்து வைப்பது, சனிக்கிழமை இரவு நினைவூட்டுவது, முடிவை எழுதிப் போடுவது, புதிதாக வந்தவனைக் குழுவின் சூரன் பத்து நகர்த்தலில் மாட்டிவிட்டுக் கேலி செய்யாமல் பார்த்துக்கொள்வது. கடைசியாகச் சொன்னதே முக்கியம். புதியவன் இரண்டு முறை அவமானப்பட்டால் மூன்றாம் முறை வரமாட்டான். ஏன் வரவில்லை என்று சொல்லவும் மாட்டான். அவனுக்குத் தன் அளவில் ஆடுகிற ஒருவரை இணைத்துவிட வேண்டும். மூன்று வாரம் வராதவருக்குப் போன் செய்வதும் நடத்துகிறவரின் பொறுப்புதான். ஊருக்குப் போயிருக்கலாம், வேலை போயிருக்கலாம், காய்ச்சலில் அறையில் தனியே கிடக்கலாம். ஊர் விட்டு ஊர் வந்தவர்களிடையே அந்தப் போனுக்கு உள்ள மதிப்பை இங்குள்ள வாசகர்களுக்கு நாம் விளக்க வேண்டியதில்லை. இத்தனையையும் ஒருவரே ஆண்டுக்கணக்கில் சுமந்தால் சலித்துவிடும். அல்லது, அதைவிட மோசம், குழு தம்முடையது என்று நினைக்கத் தொடங்குவார். இருவராக, ஆறு மாதத்துக்கு ஒருமுறை மாற்றிக்கொள்வது நன்று. நம் சங்கங்களில் நாற்காலிச் சண்டை கண்டவர்கள் இதை மறுக்கமாட்டார்கள்.

இனிப் பணம். இதில் நாம் தயவு தாட்சணியமின்றிச் சொல்ல வேண்டியிருக்கிறது. “ஆளுக்கு ஐம்பது ரூபாய், ஜெயித்தவருக்கு மொத்தமும்” என்று விளையாட்டாகத் தொடங்குவார்கள். ஐம்பது ஐந்நூறாக அதிக நாள் ஆகாது. ஆன்லைன் ரம்மியில் கடன்பட்டு உயிரை மாய்த்துக்கொண்டவர்களின் செய்திகள் தமிழகத்திலிருந்து வரிசையாக வந்ததையும், 2022இல் ஓய்வுபெற்ற நீதிபதி கே. சந்துரு தலைமையில் குழு அமைக்கப்பட்டு, 2023 ஏப்ரலில் சட்டம் வந்ததையும் மறந்திருக்கமாட்டோம். நாடாளுமன்றம் 2025 ஆகஸ்டில் நிறைவேற்றிய சட்டம் இன்னும் ஒரு படி மேலே போயிற்று. திறமை ஆட்டமா, அதிர்ஷ்ட ஆட்டமா என்ற பழைய வழக்கை அது ஒதுக்கி வைத்துவிட்டது. பணம் கட்டி, பணம் வெல்லும் எதிர்பார்ப்புடன் இணையத்தில் ஆடும் எந்த ஆட்டமும் பண ஆட்டமே என்கிறது. ஆடுகிறவருக்கு அதில் தண்டனை வைக்கவில்லை. நடத்துகிறவருக்கு மூன்றாண்டு வரை சிறை, ஒரு கோடி ரூபாய் வரை அபராதம். பெரிய கம்பெனிகளை நினைத்து எழுதிய சட்டம்தான். ஆயினும் ஐம்பது ரூபாய் வசூலித்து ஐந்நூறாகக் கொடுக்கும் குழுவில் நடத்துகிறவர் யார் என்று கேட்டால் விரல் யாரை நோக்கி நீளும்? பரிசு வேண்டுமென்றால் ஒரு புத்தகம் கொடுங்கள். ஒரு வேளை பிரியாணி வாங்கிக் கொடுங்கள். ஆட்டத்துக்கென்று கட்டணம் வேண்டாம். கடன் கேட்கும் செய்தியும், “இந்தச் செயலியில் போட்டால் இரட்டிப்பாகும்” என்ற செய்தியும் குழுவில் வந்தால் அன்றே நீக்கிவிட வேண்டும். இக்குழுக்களை மோப்பம் பிடித்து நுழைகிறவர்கள் இருக்கிறார்கள்.

பணமில்லாத இடத்திலும் ஏமாற்று உண்டு. கம்ப்யூட்டரைக் கேட்டு ஆடினால் உலகச் சாம்பியனையும் வெல்லலாம். சந்தேகம் வந்தால் குழுவில் எல்லார் முன்னும் குற்றம் சாட்டுவது தகாது; தனியே கேட்கலாம், அல்லது பலகையில் உட்கார்ந்து ஆட அழைக்கலாம். இணைப்பு அறுந்து போவது இன்னொரு தலைவலி. 2020 ஆகஸ்டில் நடந்த இணைய ஒலிம்பியாட் இறுதிப் போட்டியில் இந்திய அணியினர் இருவர் இணைப்புத் துண்டித்து நேரத்தில் தோற்றனர். முறையீட்டின் பேரில் இந்தியாவும் ரஷ்யாவும் கூட்டு வெற்றியாளர் என அறிவிக்கப்பட்டன. தேசிய அணிக்கே அந்தக் கதி என்றால், டன்னலில் நுழையும் லோக்கலில் ஆடுகிறவர் என்ன செய்வார்? அறுந்தால் மறு ஆட்டமா, தோல்வியா என்பதை முதல் வாரமே எழுதி வைத்துவிட்டால் நட்பு பிழைக்கும்.

தமிழில் பேசிக்கொள்ளும் குழு என்பதால் அடுத்த கட்டிலில் படுத்திருக்கும் மராத்தி நண்பரை வெளியே நிறுத்த வேண்டாம். 2025 ஜூலையில் மகளிர் உலகக் கோப்பையை வென்ற திவ்யா தேஷ்முக் நாக்பூர்க்காரர். அவர்களுக்கும் இந்த ஆட்டத்தில் பெருமைப்படக் காரணம் இருக்கிறது.

மாதம் ஒருமுறையாவது இக்குழுக்கள் நேரில் கூட வேண்டும். அதற்கு இடம்தான் இல்லை. மும்பையிலும் புறநகரிலும் உள்ள நம் சங்கங்களிலும் மன்றங்களிலும், பொங்கல் விழாவும் பட்டிமன்றமும் தவிர்த்த நாள்களில் கூடங்கள் பூட்டிக் கிடக்கின்றன. இளைஞர் வருவதில்லை என்று நிர்வாகிகள் வருந்துகிறார்கள். வர இடமில்லை என்று இளைஞர் சொல்கிறார்கள். மாதத்தில் ஒரு ஞாயிறு காலை, வாடகை கேட்காமல் கூடத்தைத் திறந்து விடட்டும். பலகையும் காய்களும் குழுவினர் கொண்டு வருவார்கள். கூட்டிப் பெருக்கிப் பூட்டிக் கொடுப்பதும் அவர்கள் பொறுப்பு. சாவி யாரிடம் இருக்கிறது என்பதை மட்டும் வெள்ளிக்கிழமைக்குள் சொல்லிவிட்டால், ஞாயிறு பத்து மணிக்கு யாரும் பூட்டிய கதவின் முன் நிற்க நேராது.