மதுரத்துக்குச் சேரவேண்டிய பங்கு

எழுதிவைத்த வசனத்தை நம்பாமல், எதிரே நிற்பவரின் முகத்தைப் பார்த்து அந்தக் கணத்திலேயே சம்பாஷணையை வளர்த்துச் செல்லும் ஹாஸ்யத்தை இந்தத் தலைமுறையின் கண்டுபிடிப்பு என்று கருதிக்கொண்டு, கைபேசியில் குறும்படம் எடுக்கும் நம் திருச்சி கே.கே. நகர் இளைஞர்களுக்கு, காவிரிக்கு அக்கரையில் ஸ்ரீரங்கத்தில் பிறந்த ஹாஸ்ய நடிகை டி.ஏ. மதுரத்தை யாரேனும் அறிமுகம் செய்துவைத்தால் நன்று.

1936-இல் வெளிவந்த ‘வசந்தசேனா’வில் என்.எஸ். கிருஷ்ணனோடு சேர்ந்த அவர், பிரதான கதையோடு அதிக சம்பந்தமின்றித் தனியே தயாராகிப் பிறகு படத்தில் இணைக்கப்பட்ட ஹாஸ்யப் பகுதிகளில், அதாவது பட முதலாளியின் படத்துக்குள்ளேயே அமைந்த சுயேச்சையான சிறு படங்களில், ஏறத்தாழ இருபது ஆண்டுகள் பிரகாசித்தார். கிருஷ்ணன் தம் போக்கில் அளந்துகொண்டே போவார்; மதுரமோ ஒரு ‘ஊம்’ கொட்டி அவரை வழிமறித்து, அடுத்த பேச்சுக்கு அடியெடுத்துக் கொடுப்பார். கைதட்டல் அவருக்குப் போயிற்று. லகான் இவர் கையில் இருந்தது என்பேன்.

1944-இன் இறுதியில் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் கைதான கிருஷ்ணன் 1947-இல் விடுதலையாகும் வரை, எஸ்.வி. சகஸ்ரநாமத்தின் துணையோடு அவருடைய நாடக சபையைக் கலையாமல் காத்தவரும் மதுரமே. கலைவாணர் என்ற பட்டமும், சென்னையில் அப்பெயரால் ஓர் அரங்கமும் கிருஷ்ணனுக்கு வாய்த்தன. அதில் எனக்கு ஆட்சேபமில்லை. ஆனால் திருச்சி மாநகராட்சி அடுத்து எழுப்பும் கலையரங்குக்கு மதுரத்தின் நாமத்தைச் சூட்டவேண்டும் என்பது என் விண்ணப்பம். திறப்பு விழாவில் 1949-இல் வந்த ‘நல்லதம்பி’யைத் திரையிடட்டும், சொற்பொழிவுகளைக் கொஞ்சம் குறைத்துக்கொண்டு.