சும்மா கிடைக்கும் படம்

பசறைப் பக்கத் தோட்டமொன்றிலிருந்து ஓத வரும் மாணவன் கேட்டான்: “ஹஸ்ரத், படத்தில் ஆபாசம் ஏதுமில்லை. இணையத்தளத்தில் சும்மா கிடக்கிறது. பார்த்தால் என்ன குற்றம்?”

ஆபாசத்தைப் பற்றியே பேசிப் பேசி, அடுத்தவர் ஹக்கைப் பற்றிப் பேச மறந்துவிட்டோம் போலும்!

யாரும் சும்மா தருவதில்லை, தம்பி. ‘தமிழ் ராக்கர்ஸ்’ போன்ற தளங்கள் களவுப் பிரதியைக் காட்டி விளம்பரத்தால் உழைத்தன. முடக்க முடக்க வேறு முகவரியில் முளைத்தன. நமது நாட்டில் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் இருக்கிறது. வேண்டுமென்றே பதிப்புரிமையை மீறினால் 6 மாதம் வரை சிறை, அல்லது 5 இலட்சம் ரூபா வரை தண்டம், அல்லது இரண்டும். ஆனாலும் களவுச் சீடீக்கள் கடைவீதியில் பகிரங்கமாக விற்ற காலத்தை நாமறிவோம்.

மார்க்கத் தீர்ப்பும் புதியதல்ல. 1988 டிசம்பரில் குவைத்தில் கூடிய சர்வதேச இஸ்லாமிய பிக்ஹு சபை, நூலாசிரியரின் உரிமை ஷரீஅத்தில் பாதுகாக்கப்பட்டது, அதில் அத்துமீறக் கூடாது என்று தீர்மானித்தது.

“அப்படியென்றால் நாங்கள் போட்டோக் கொப்பி அடித்து ஓதும் கிதாபுகள், ஹஸ்ரத்?”

நான் பதில் சொல்லவில்லை. அடுத்த தவணைக்கு மூன்று கிதாபுகள் வாங்கிவரக் கொழும்புக்குச் சொல்லி அனுப்பியிருக்கிறேன்.