மாலைச் சிற்றுண்டியும் சங்கத்தின் கடமையும்

மார்கழி பிறந்துவிட்டால் பிற்பகலிலேயே வெயில் மெலிந்துவிடுகிறது. தறிக்குழியில் அமர்ந்திருக்கும் நெசவாளிக்குக் கால் குளிர்கிறது. தோட்டத்திற்கு நீர் பாய்ச்சித் திரும்பும் விவசாயிக்குக் கை விறைக்கிறது. அவ்வேளையில் சூடான பானமும் சிறிது பலகாரமும் வேண்டுமென்று உடல் கேட்பது இயல்பே. நம் கமிட்டிக் கூட்டங்களிலும் மகாசபைகளிலும் அப்பொழுது என்ன வழங்கப்படுகிறது? கடையில் வாங்கிய மைதா பிஸ்கோத்தும், சர்க்கரை மிகுந்த தேநீருமே. இஃது அற்ப விஷயம் என்று அங்கத்தினர் சிலர் எண்ணக்கூடும். நாம் அவ்வாறு எண்ணவில்லை.

இதே பருவத்தில்தான் பனங்கிழங்கு மண்ணைவிட்டு வெளிவருகிறது. ஆவணி, புரட்டாசியில் விழும் பழங்களின் கொட்டைகளைப் பாத்தி கட்டிப் புதைத்தால், பொங்கலையொட்டிக் கிழங்கு தயாராகிவிடும். அதனை உப்பும் மஞ்சளும் இட்டு அவித்து, தோலும் நடு நரம்பும் நீக்கி, மெல்லியதாக நறுக்கி, நன்கு காயவைத்து இடித்துச் சலித்தால் மணமுள்ள மாவு கிடைக்கிறது. அரிசியோ கோதுமையோ ஒரு பிடியும் இதில் சேர வேண்டியதில்லை. வைகுண்ட ஏகாதசியன்று தானியம் தவிர்ப்போருக்கும், கோதுமை ஒவ்வாத உடலினருக்கும் இது ஏற்றதாகும்.

செய்முறை எளியதே. இரண்டு பங்கு மாவுக்கு ஒரு பங்கு தேங்காய்த் துருவல் சேர்த்து, சிறிது ஏலப்பொடி தூவ வேண்டும். கருப்பட்டியை நீரில் கரைத்துக் கொதிக்கவைத்து, மண் நீங்க வடிகட்டி, அந்தப் பாகை இளஞ்சூட்டில் ஊற்றிப் பிசைந்து, வாழையிலை விரித்த தட்டில் அழுத்திப் பரப்பி, ஆவியில் வேகவைத்துத் துண்டுகளாக்கலாம். பட்டணவாசிகள் இதனைக் கேக் என்று அழைத்தாலும் நமக்குத் தடையில்லை. இதற்குத் துணை சுக்கு மல்லிக் காப்பி. தோல் சீவிய சுக்கு, வறுத்த கொத்தமல்லி விதை, நாலைந்து மிளகு ஆகியவற்றை இடித்து, கருப்பட்டியுடன் கொதிக்கவைத்து இறக்கினால் போதும், பாலும் வேண்டாம்.

சுவையைப் பற்றி இவ்வளவே. இனி நியாயத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். பதனீர் இறக்கும் காலம் கோடையையொட்டியது. குளிர்காலத்தில் பனையேறியின் வீட்டு அடுப்பில் பதனீர் காய்வதில்லை. அம்மாதங்களின் செலவுக்கு வியாபாரியிடம் முன்பணம் வாங்கியவர், கோடையில் காய்ச்சிய கருப்பட்டியை அவர் சொன்ன விலைக்கே ஒப்படைக்க நேரிடுகிறது. அதே கருப்பட்டி, மழைக்கும் குளிருக்கும் தேவை பெருகும்போது உயர்ந்த விலைக்கு விற்கிறது. அந்த உயர்வில் மரம் ஏறியவருக்குப் பங்கில்லை. போதாக்குறைக்கு, வெள்ளைச் சர்க்கரையைக் கலந்து காய்ச்சிய போலிக் கருப்பட்டி சந்தையில் மலிந்து, உண்மைச் சரக்கின் விலையையும் கீழே இழுக்கிறது.

2021ஆம் ஆண்டு வெளிவந்த தமிழ்நாட்டின் முதல் வேளாண் நிதிநிலை அறிக்கை, பனையை வெட்ட மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும் என்றும், பனைவெல்லம் நியாயவிலைக் கடைகளில் விற்கப்படும் என்றும் அறிவித்தது. வரவேற்கத்தக்கதே. ஆயினும் மரத்தைச் சட்டம் காக்கலாம். ஏறுகிறவரை வாங்குகிறவர்தாம் காக்க முடியும். ஆகவே, பனை வளரும் பகுதியிலுள்ள சங்கங்கள் கோடையிலேயே நேரில் கருப்பட்டி கொள்முதல் செய்து, ஈரம் படாமல் பண்டகசாலையில் இருப்பு வைத்து, குளிர்காலத்தில் அங்கத்தினருக்கு விற்க வேண்டும் என்பது நமது கோரிக்கை. கிழங்கு மாவையும் பனையேறிக் குடும்பத்துப் பெண்களிடமே வாங்கினால், வருவாயற்ற மாதங்களில் அவர்கள் கையில் காசு புழங்கும்.

ஆட்சேபனைகள் எழாமல் இரா. தேநீரும் விவசாயியின் விளைபொருள்தானே என்று கேட்கலாம். உண்மை. நீலகிரியில் 1962ஆம் ஆண்டு குந்தாவில் தொடங்கப்பட்ட கூட்டுறவுத் தேயிலைத் தொழிற்சாலையின் வழிவந்தவை சிறு விவசாயிகளின் இலையையே வாங்குகின்றன. தேநீர் வேண்டுவோர் அந்தத் தூளை வாங்கட்டும். கருப்பட்டி விலை அதிகம் என்பதும் மெய்யே. கலப்படமற்ற பொருளை அடிமாட்டு விலைக்குக் கேட்பது கூட்டுறவாகாது. கருப்பட்டியும் இனிப்பே என்பதையும் மறைக்க மாட்டோம். நீரிழிவு உள்ளவர்கள் அதனை மருந்தென நம்பி மிகுதியாக உண்ணலாகாது.

கூட்டுறவு இயக்கமே இத்தகைய சிறு பொருள்களில்தான் வேரூன்றியது. 1844ஆம் ஆண்டு டிசம்பர் மாதக் குளிரில், இங்கிலாந்தின் ராச்டேல் நகரில் நெசவாளிகள் உள்ளிட்ட தொழிலாளர் சிலர் ஒன்றுகூடிக் கடை திறந்தபோது, அவர்கள் வைத்த சரக்கு மாவு, வெண்ணெய், சர்க்கரை, மெழுகுவத்தி போன்றவையே. கலப்படமின்றி, சரியான எடையில் அவற்றை விற்பதே அவர்களுடைய உறுதி. தறியில் உழைப்பவரின் வயிற்றுக்கும் நிலத்தில் உழைப்பவரின் விலைக்கும் ஒரே தராசு போதும் என்பதை அவர்கள் காட்டினார்கள்.

வருகிற தை மாதக் கமிட்டிக் கூட்டத்திலேனும் பிஸ்கோத்துப் பொட்டலத்தை ஒதுக்கிவைத்து, இந்தப் பலகாரத்தையும் சுக்குக் காப்பியையும் அங்கத்தினர் முன் வைப்போமாக. உண்டு முடித்தபின், கோடைக் கொள்முதலுக்கான தீர்மானத்தையும் அன்றே நிறைவேற்றுவோமாக. முன்னது ஒரு மாலைப் பசியைத் தணிக்கும். பின்னது பனையேறியின் ஓராண்டுக் கடனைத் தணிக்கும்.