உக்கிய வேலி

காணியைக் கோருபவன் உறுதியைக் காட்ட வேண்டும். 1990இல் இடம்பெயர்ந்த மயிலிட்டி மக்களுக்கு எழுத்தின் அருமையை எவரும் போதிக்க வேண்டியதில்லை. ஆனால், எழுத்தைக் காக்கும் கடமை குடிமக்களுக்கு மட்டுந்தானா?

2023இல் அரசாங்க மின்னஞ்சல் சேவையிற் கப்பம் கோரும் கணினித் திருடர் புகுந்தனர். மே 17 முதல் ஆகஸ்ட் 26 வரையான கடிதங்கள் அழிந்தன. ஏறக்குறைய 5,000 முகவரிகள் பாதிப்புற்றன. அமைச்சரவை அலுவலகமும் தப்பவில்லை. அங்கு இயங்கியது மைக்ரோசொப்ட் எக்ஸ்சேஞ்ச் 2013. அதற்கான பராமரிப்பு அவ்வாண்டு ஏப்ரலிலேயே நிறுத்தப்பட்டுவிட்டது. பராமரிப்பு நின்றபின் வெளிப்படும் ஓட்டைகளை அடைப்பாரில்லை.

புதுப்பிக்கும் திட்டம் 2021இலிருந்தே இருந்தும் பணம் போதவில்லையாம்! உக்கிய வேலியைப் பார்த்திருந்துவிட்டு, மாடு மேய்ந்தபின் பயிரைத் தேடும் கமக்காரன் உண்டா?

ஒபிஸ் 2016, 2019 மென்பொருட்களின் பராமரிப்பும் 2025 ஒக்டோபர் 14உடன் முடிந்துவிட்டது. நம் மனுக்களும் பதிவுகளும் எந்த மென்பொருளிற் கிடக்கின்றன? வலையமைப்பில் இணையாத காப்புப் பிரதி உண்டா? ஒவ்வொரு திணைக்களமும் பகிரங்கமாகக் கூற வேண்டும். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் கேட்கும் உரிமையைத் தந்துள்ளது. கேட்போம்! விடை வரும்வரை, மனுவின் பிரதியும் பதிவுத் தபாற் பற்றுச்சீட்டும் உறுதிப் பெட்டியிலேயே இருக்கட்டும்.