கோபத்தைத் திட்டமாக்கிய லெப்டினன்ட்

சோசியல் இன்ஜினியரிங்னு சொன்னா நமக்கு உடனே ஞாபகம் வர்றது ஓடிபி திருடுற மோசடிதான். ஆனால் அந்த மோசடி வருவதற்கு ரொம்ப முன்னாடியே ஒரு வக்கீல் இதே வார்த்தையை வேறு அர்த்தத்தில் பயன்படுத்தினார். வக்கீல் என்பவன் சமூகத்தின் பொறியாளனா இருக்கணும், இல்லன்னா அவன் வெறும் ஒட்டுண்ணிங்கறது அவர் தன் மாணவர்களுக்குச் சொன்ன பாடம். பெயர் சார்லஸ் ஹாமில்டன் ஹூஸ்டன். அமெரிக்கக் கறுப்பின மக்களின் உரிமைப் போராட்டம் என்றால் நமக்கு மார்ட்டின் லூதர் கிங்கைத் தெரியும். இன்ஜினியரிங் படிக்கிற நாம ஹூஸ்டனையும் தெரிஞ்சுக்கணும்.

1895-ல் வாஷிங்டனில் பிறந்தவர். 1917-ல் அமெரிக்கா முதல் உலகப் போரில் இறங்கியபோது, கறுப்பினத்தவருக்கென்று தனியாக நடந்த அதிகாரிகள் பயிற்சியில் சேர்ந்து லெப்டினன்ட் ஆனார். பிரான்சில் ஒருநாள் வெள்ளைக்காரச் சிப்பாய்கள் கூட்டமாகச் சூழ்ந்து அவரையும் கூட இருந்தவரையும் கொல்லப் பார்த்தார்கள். அவங்க ஜெர்மன்காரங்க இல்ல, அதே யூனிஃபார்ம் போட்ட சொந்த நாட்டுக்காரங்க! உயிரோடு ஊர் திரும்பினால் சட்டம் படிக்கணும், திருப்பி அடிக்க முடியாதவங்களுக்காக வாதாடணும்னு அவர் முடிவு செய்தது அந்தப் போர்க்காலத்தில்தான்.

1919-ல் ஹார்வர்டில் சட்டம் படிக்கச் சேர்ந்தார். அதன் பிறகு அவர் செய்ததைப் பார்த்தால் ஒரு பெரிய ப்ராஜெக்ட் மாதிரியே இருக்கும்.

முதல்ல ஆட்களைத் தயார் செய்தார். 1929-ல் ஹோவர்ட் பல்கலைக்கழகச் சட்டக் கல்லூரியின் பொறுப்பை ஏற்று, மாலை நேர வகுப்பாக நடந்ததை முழுநேரக் கல்லூரியாக மாற்றினார். இனி வரப்போகும் வழக்குகளுக்கான வக்கீல்கள் அங்கே உருவானார்கள். பின்னாளில் அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் முதல் கறுப்பின நீதிபதியான துர்குட் மார்ஷல் அவரிடம் படித்தவர்தான்.

அடுத்தது ஆதாரம். 1934-ல் கேமராவோடு தென் கரோலினாவுக்குப் போய், கறுப்பினக் குழந்தைகளின் பள்ளிகள் எந்த நிலையில் இருக்கின்றன என்று படம் பிடித்தார்.

மூன்றாவது, எங்கே அடிக்கணும்ங்கற கணக்கு. "பிரித்து வைக்கலாம், ஆனால் வசதி சமமாக இருக்கணும்" என்பது 1896-லிருந்து உச்ச நீதிமன்றத்தின் நிலைப்பாடு. நேராக மோதினால் தோல்விதான். அதனால் "சரி, அந்தச் சமத்தைக் காட்டுங்க" என்று கேட்டார். அதையும் சட்டக் கல்லூரியில் இருந்து ஆரம்பித்தார். பல மாநிலங்களில் கறுப்பின மாணவர்களுக்குச் சட்டக் கல்லூரியே கிடையாது. ஒரே ஒரு மாணவனுக்காக அதைத் தனியா கட்டினா எவ்வளவு செலவாகும்! ஒரு நல்ல சட்டக் கல்லூரிக்கு என்னென்ன வேணும்னு நீதிபதிகளுக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை.

கணக்கு தப்பவில்லை. டொனால்ட் முர்ரே என்ற மாணவருக்கு மேரிலாந்து பல்கலைக்கழகம் இடம் தரணும் என்று 1936-ல் அந்த மாநிலத்தின் மேல்முறையீட்டு நீதிமன்றமும் உறுதி செய்தது. "வேற மாநிலத்துல போய்ப் படி, ஃபீஸ் நாங்க கட்டுறோம்" என்று மிசௌரி சொன்ன சாக்கை 1938-ல் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. 1954-ல் பள்ளிகளில் பிரித்து வைப்பதே செல்லாது என்று பிரவுன் வழக்கில் தீர்ப்பு வந்தது. வாதாடியவர்களில் முக்கியமானவர் மார்ஷல். ஹூஸ்டன் அதைப் பார்க்கவில்லை. 1950 ஏப்ரலில், 54 வயதிலேயே இறந்துவிட்டார்.

"இவ்வளவு மெதுவாவா?" என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். 1936-ல் ஒன்றாம் வகுப்பில் சேர்ந்த குழந்தை பள்ளியே முடித்துப் போன பிறகுதான் அந்தத் தீர்ப்பு வந்தது. அந்தக் குழந்தைக்கு இழப்பு இழப்புதான். பொறுமையைப் புகழ நான் இதை எழுதவில்லை.

ஆனால் ஒண்ணு கவனிங்க. அந்த வழக்கால் முர்ரேவுக்கு நிஜமாகவே ஒரு இடம் கிடைத்தது, அவர் படித்து முடித்தார். அடுத்த வழக்கு பூஜ்யத்திலிருந்து தொடங்க வேண்டியிருக்கவில்லை. கட்டிடம் மாதிரி, ஒரு தளம் இறுகின பிறகு அதுமேல அடுத்தது. நம்ம கோபம் பெரும்பாலும் அப்படி இல்லை. மூணு நாள் ஸ்டேட்டஸ், நாலாவது நாள் புது விஷயம். அடுத்து வர்ற ஜூனியர் அதே பிரச்சினையை முதல்ல இருந்து கத்த வேண்டியிருக்கு.

ஹாஸ்டல் தண்ணீரோ லேப் வசதியோ, அடுத்த முறை கோபம் வரும்போது மூணு கேள்வி கேட்போம். விதி என்ன சொல்லுது? நம்மகிட்ட தேதி போட்ட ஆதாரம் இருக்கா? நாம பாஸ் அவுட் ஆன பிறகு இதை யார் எடுத்து நடத்துவாங்க? மூணாவது கேள்விக்குப் பதில் வைத்துவிட்டுப் போனவர் ஹூஸ்டன்.